மனதைப் படிக்கும் எந்திரங்கள்: மௌனப் பட அறிபுனைவு குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எந்தப் படங்களைப் பற்றிப் பேசுகிறோம்?

சினிமாவுக்குக் குரல் வராத காலத்துப் படங்கள். மனிதருக்குள் ஒளிந்திருப்பதை வெளியே இழுத்துக் காட்டும் ஒரு கருவியை மையமாக வைத்து அன்று எடுக்கப்பட்ட குறும்படங்களில் நான்கைத்தான் இங்கே முக்கியமாகப் பார்க்கப் போகிறோம். இங்கிலாந்தில் ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் 1897இல் எடுத்த ‘எக்ஸ் கதிர்கள்’. பிரான்சில் ஜார்ஜ் மெலியஸ் 1908இல் எடுத்த ‘தொலைதூர மின்சாரப் புகைப்படம்’. எமில் கோல் 1909இல் கோமோன் நிறுவனத்துக்கு எடுத்த ‘மாயக் கண்ணாடி’. அதே கோல் 1911இல் பாத்தே நிறுவனத்துக்கு எடுத்த ‘மூளை பழுதுபார்ப்பவர்’. எல்லாமே சில நிமிடப் படங்கள். ஸ்மித்தின் படம் ஒரு நிமிடம்கூட ஓடாது.

அளவைப் பார்த்துக் குறைவாக எடைபோட வேண்டாம். மனதைப் படமாகக் காட்ட முடியும் என்று உலகத்தை நம்ப வைத்ததில் இந்தச் சின்னப் படங்களுக்குப் பெரிய பங்கு உண்டு என்பது என் உறுதியான எண்ணம்.

பேச்சே இல்லாத படத்தில் எண்ணத்தைப் படிப்பதை எப்படிக் காட்டினார்கள்?

இந்தப் பக்கத்தில் உள்ள மற்ற எல்லாப் பதில்களுக்கும் வேர் இந்தக் கேள்விதான்.

நாடக மேடையில் ஒருவர் மனதில் இருப்பதைச் சொல்ல வேண்டுமென்றால் அவரே தனியாக நின்று பேசிவிடலாம். கதையில் எழுத்தாளர் எழுதிவிடலாம். மௌனப் படத்துக்கு இரண்டும் இல்லை. எழுத்து அட்டை போடலாம், ஆனால் 1900ஐ ஒட்டிய ஆண்டுகளில் அதுவும் அரிது. எனவே எண்ணம் என்பது படமாகத்தான் வர வேண்டியிருந்தது. தூங்குகிறவன் தலைக்கு மேல் ஒரு சிறு காட்சி தோன்றும். அது அவன் கனவு என்று பார்வையாளர் புரிந்துகொள்வார்.

பிரான்சில் ஃபெர்டினான் செக்கா 1901இல் எடுத்த ‘ஒரு குற்றத்தின் கதை’ இதற்கு நல்ல சான்று. மரண தண்டனைக் கைதி சிறையில் படுத்திருக்கிறான். அவன் படுக்கைக்கு மேலே சுவரில் ஒரு திறப்பு உண்டாகி, அதில் அவனுடைய பழைய வாழ்க்கை ஓடுகிறது. கேமரா வித்தை எதுவும் கிடையாது. செட்டின் மேல்பகுதியில் இன்னொரு குட்டி மேடை கட்டி, அதில் நடிகர்களை நிறுத்தி நடிக்க வைத்திருக்கிறார்கள். அமெரிக்காவில் எட்வின் போர்ட்டர் எடுத்த ‘ஓர் அமெரிக்கத் தீயணைப்பு வீரரின் வாழ்க்கை’ 1903இல் வந்தது. அதில் நாற்காலியில் கண்ணயர்ந்த வீரருக்குப் பக்கத்தில், வட்டத்துக்குள், ஒரு தாயும் குழந்தையும் தெரிகிறார்கள். அங்கே இரட்டைப் பதிவு: ஒரே ஃபிலிமில் இரண்டு காட்சிகளைப் பதித்திருக்கிறார்கள்.

இப்படிப் பழகிய கண்களுக்கு அடுத்த படி எளிதாக இருந்தது. கனவு காண்பவன் தலைக்கு மேல் இருக்கும் அந்த வட்டத்தை ஒரு திரையாக்கி, அதற்குப் பக்கத்தில் ஒரு டைனமோவையும் சில கம்பிகளையும் வைத்துவிட்டால் மனதைப் படிக்கும் எந்திரம் தயார். மௌனப் படத்து விஞ்ஞானி செய்வதும் மௌனப் பட இயக்குநர் செய்வதும் ஒரே வேலை. உள்ளே இருப்பதை ஒளியாக்கித் திரையில் விழ வைக்கிறார்கள்.

அந்தக் காலத்தில் மக்கள் இதை நம்பக்கூடியதாக நினைத்தார்களா?

நினைத்தார்கள். அதற்கு நல்ல காரணங்களும் இருந்தன.

1895ஆம் ஆண்டின் கடைசி இரண்டு மாதங்களைக் கவனியுங்கள். நவம்பர் 8 அன்று வில்ஹெல்ம் ரோன்ட்கன் எக்ஸ் கதிரைக் கண்டறிகிறார். டிசம்பர் 22 அன்று தன் மனைவியின் கையை எக்ஸ் கதிரால் படமெடுக்கிறார்; எலும்பும் மோதிரமும் தெரிகின்றன. டிசம்பர் 28 அன்று பாரிசில் லூமியேர் சகோதரர்கள் கட்டணம் வாங்கிப் படம் காட்டுகிறார்கள். தோலைத் தாண்டிப் பார்க்கும் கருவியும், அசைவைப் பிடித்து வைக்கும் கருவியும் ஒரே குளிர்காலத்தில் உலகத்துக்கு அறிமுகமாயின. எலும்பு தெரிகிறதென்றால் எண்ணம் ஏன் தெரியக் கூடாது என்று கேட்டவரை யாரும் பைத்தியக்காரர் என்று சொல்லியிருக்க முடியாது.

1896இலேயே பிரான்சில் லூயி தார்ஷே என்ற ராணுவ அதிகாரி எண்ணத்தைப் புகைப்படமெடுத்ததாக அறிவித்தார். ஒரு பாட்டிலை மனதில் ஆழமாக நினைத்துக்கொண்டு புகைப்படத் தட்டில் விரலை வைத்தாராம். பாட்டில் போன்ற மங்கலான உருவம் வந்ததாம். நெற்றியில் தட்டைக் கட்டிக்கொண்டும் சோதித்தார். உடலிலிருந்து வருவதாகத் தான் நம்பிய கதிர்களுக்கு ‘வி கதிர்’ என்று பெயரும் வைத்தார். கையின் சூடு, வியர்வை, டெவலப்பர் கரைசலின் கறை ஆகியவையே அந்த மங்கல்களுக்குப் போதுமான விளக்கம்.

இன்னும் பெரிய பெயர்களும் இதில் சிக்கின. 1903இல் நான்சி நகர இயற்பியலாளர் ரெனே ப்ளோன்ட்லோ ‘என் கதிர்’ என்ற புதுக் கதிரைக் கண்டதாகச் சொன்னார். அவருடைய சக பேராசிரியர் ஓகுஸ்தான் ஷார்பான்தியே, மனித நரம்புகளும் மூளையும்கூட அந்தக் கதிரை வெளியிடுகின்றன என்று அறிக்கை கொடுத்தார். 1904இல் அமெரிக்க இயற்பியலாளர் ராபர்ட் வுட் நேரில் சென்று, இருட்டறையில் சோதனை நடக்கும்போது கருவியின் முப்பட்டகத்தை ஓசைப்படாமல் எடுத்துவிட்டார். ஆய்வாளர்களோ கதிர் தெரிவதாகவே சொல்லிக்கொண்டிருந்தார்கள். என் கதிரின் கதை அத்தோடு முடிந்தது.

ஜப்பானிலும் இதே ஏக்கம் இருந்தது. டோக்கியோ ஏகாதிபத்தியப் பல்கலைக்கழகத்தின் உளவியலாளர் ஃபுகுராய் தோமோகிச்சி 1910 முதல் எண்ணத்தைத் தட்டில் பதிக்கும் சோதனைகளை நடத்தினார். 1913இல் அதைப் புத்தகமாக வெளியிட்டார். கடைசியில் பதவியை இழந்தார்.

அதனால் 1908இல் ஒரு பாரிஸ்வாசி திரையில் மனம் தெரியும் எந்திரத்தைப் பார்த்தபோது, அது அவருக்கு நாளைய செய்தித்தாளில் வரக்கூடிய சங்கதியாகவே இருந்திருக்கும்.

ஸ்மித்தின் ‘எக்ஸ் கதிர்கள்’ மனதைப் பற்றியதா? அது எலும்பைப் பற்றியதுதானே?

கதை இதுதான். பூங்கா பெஞ்சில் ஒரு காதல் ஜோடி. கொஞ்சல், குழைவு. எக்ஸ் கதிர் என்று எழுதிய பெட்டியோடு ஒருவர் வந்து அவர்கள் பக்கம் திருப்புகிறார். இருவரும் எலும்புக்கூடாகிறார்கள். பெண்ணின் குடைத் துணி மறைந்து கம்பி மட்டும் நிற்கிறது. கொஞ்சல் மட்டும் நிற்கவில்லை. பெட்டியை எடுத்ததும் பழைய உருவம் திரும்புகிறது. அந்தப் பெண் ஆணைக் கன்னத்தில் அறைந்துவிட்டுப் போய்விடுகிறாள். கறுப்பு உடுப்பில் எலும்பு வரைந்து போட்டுக்கொண்டார்கள்; நடுவில் கேமராவை நிறுத்தி உடை மாற்றினார்கள். நடித்த பெண் ஸ்மித்தின் மனைவி லாரா பெய்லி.

எந்திரம் காட்டுவது எலும்பைத்தான். ஆனாலும் இதை மனதைப் படிக்கும் படங்களின் முதல் வரிசையில் நான் வைப்பதற்குக் காரணம், எடுத்தவரின் பின்னணி.

சினிமாவுக்கு வருவதற்கு முன் ஸ்மித் பிரைட்டன் நகரில் மேடை ஹிப்னாடிச நிபுணர். 1882இல் டக்ளஸ் பிளாக்பர்ன் என்ற பத்திரிகையாளரோடு சேர்ந்து ‘எண்ணப் பரிமாற்றம்’ செய்து காட்டினார். ஸ்மித்தின் கண்ணைக் கட்டிவிடுவார்கள். பிளாக்பர்ன் ஒரு படத்தைப் பார்த்து மனதில் நினைப்பார். ஸ்மித் அதை வரைவார். அதே ஆண்டு லண்டனில் தொடங்கியிருந்த உளவியல் மர்ம ஆய்வுச் சங்கத்தின் எட்மண்ட் கர்னியும் ஃப்ரெடரிக் மயர்ஸும் இதைச் சோதித்து, உண்மை என்று நம்பி, அறிக்கையும் வெளியிட்டார்கள். டெலிபதி என்ற சொல்லை 1882இல் உண்டாக்கியவர் இந்த மயர்ஸ்தான். ஸ்மித் பின்னர் கர்னியின் தனிச் செயலாளராகவே ஆனார்.

பல ஆண்டுகள் கழித்து, 1908இலும் 1911இலும், அத்தனையும் ஏமாற்று என்று பிளாக்பர்ன் பத்திரிகையில் எழுதினார். படத்தை சிகரெட் தாளில் வரைந்து, பென்சிலின் உலோகக் குழாய்க்குள் சுருட்டி வைத்து ஸ்மித்திடம் கடத்தினார்களாம். போர்வைக்குள் இருந்த ஸ்மித் ஒளிரும் பலகையின் வெளிச்சத்தில் அதைப் பார்த்து வரைந்தாராம். ஸ்மித் இதைக் கடைசிவரை மறுத்தார்.

யார் சொன்னது உண்மை என்பதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது சினிமாவுக்கு வந்த பிறகு ஸ்மித் செய்த வேலை. 1900இல் ஸ்மித் ‘பாட்டியின் பூதக்கண்ணாடி’ என்று ஒரு படம் எடுத்தார். சிறுவன் பூதக்கண்ணாடி வழியாகப் பார்க்கிறான். அடுத்த ஷாட்டில் வட்டத்துக்குள் அவன் கண்ட பொருள் பெரிதாகத் தெரிகிறது. இன்னொருவர் கண்ணுக்குள் பார்வையாளரை உட்கார வைத்த மிக ஆரம்ப காலப் படங்களில் அது ஒன்று. அதே ஆண்டு ‘மறுபடி கனவு காணட்டும்’ என்ற படத்தில், இளம் பெண்ணோடு ஒருவர் கொண்டாடும் காட்சி மெல்ல மங்கி, தெளியும்போது அவர் தன் மனைவி பக்கத்தில் படுத்திருக்கிறார். ஃபோகஸை மாற்றியே கனவிலிருந்து விழிப்புக்குக் கொண்டுவந்துவிட்டார். ஒருவர் பார்த்ததை மற்றவர் மனதுக்குள் கொண்டுபோவதாக மேடையில் சொன்னவர், அதைக் கேமராவால் உண்மையாகவே செய்துவிட்டார்.

மெலியஸின் 1908 படத்தில் எந்திரம் என்ன செய்கிறது?

நான்கில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

ஒரு கண்டுபிடிப்பாளரின் கூடம். பெரிய சக்கரங்கள், மின்சாரச் சாதனங்கள், உதவியாளர்கள். கண்டுபிடிப்பாளராக வருபவர் மெலியஸேதான். வயதான தம்பதி ஒன்று எந்திரத்தைப் பார்க்க வருகிறது. முதலில் பெண்கள் இருக்கும் ஓர் ஓவியத்தை எந்திரத்தின் முன் வைக்கிறார். திரையில் அது பெரிதாகி உயிரோடு அசைகிறது. தம்பதிக்கு ஒரே வியப்பு. பிறகு பாட்டியம்மா உட்காருகிறார். திரையில் அவர் முகம் மிகப் பெரியதாக, இளித்துக்கொண்டு, நெளிந்து தெரிகிறது. அடுத்து தாத்தா உட்காருகிறார். அவருக்குத் திரையில் தெரிவதோ குரங்கின் சாயலுள்ள முகம். அவர் ஆத்திரத்தோடு எந்திரத்தின் மேல் பாய்கிறார். மின்சாரம் அவரைத் தூக்கி அடிக்கிறது.

அகத்தின் அழகு முகத்தில் தெரியும் என்கிறோம். மெலியஸின் எந்திரம் முகத்தை விட்டுவிட்டு அகத்துக்கே தனியாக ஒரு முகம் போட்டுக் காட்டுகிறது. நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் மரியாதையான கிழவரும் திரையில் இளிக்கும் முகமும் ஒரே சட்டகத்துக்குள் பக்கத்துப் பக்கத்தில் இருக்கிறார்கள். நாம் இரண்டையும் ஒரே நேரத்தில் பார்க்கிறோம். பாவம், அவரும் பார்க்கிறார். தன்னைப் பற்றித் திரை சொல்வதைத் தானே பார்க்க நேர்ந்த மனிதரின் கோபத்தை அவ்வளவு சீக்கிரமாக, 1908இலேயே, சினிமா பிடித்துவிட்டது.

படத்தின் பெயருக்கும் அன்றைய செய்திக்கும் நேரடித் தொடர்பு உண்டு. ஜெர்மனியில் ஆர்தர் கோர்ன், ஒளிக்கு ஏற்ப மின்சாரத்தை மாற்றும் செலினியம் செல்களைப் பயன்படுத்திப் புகைப்படத்தைக் கம்பி வழியே அனுப்பிக்கொண்டிருந்தார். 1907இல் பாரிசுக்கும் பெர்லினுக்கும் இடையே படம் போனது. அதே ஆண்டு பிரான்சில் எடுவார் பெலின் தன் தொலைப்படக் கருவியைச் சோதித்தார். தொலைவில் உள்ள முகம் கம்பியில் வந்து சேருவதை ஊரே பேசிக்கொண்டிருந்தபோது, கம்பி இன்னும் கொஞ்சம் உள்ளே போனால் என்ன ஆகும் என்று மெலியஸ் கேட்டார்.

அவருடைய தொழில் வேரும் இதற்கு உதவியது. 1888 முதல் அவர் நடத்திய ரோபேர்-ஊதான் அரங்கம், மந்திரவாதி ரோபேர்-ஊதானின் பெயர் கொண்டது. அந்த மந்திரவாதி 1840களில் தன் மகன் எமிலோடு ‘இரண்டாம் பார்வை’ என்ற நிகழ்ச்சியை நடத்திப் புகழ்பெற்றவர். அப்பா பார்வையாளரின் பொருளைக் கையில் எடுப்பார். கண் கட்டிய மகன் மேடையிலிருந்து அது என்னவென்று சொல்வான். மனதைப் படிக்கும் வித்தை மெலியஸின் குருகுலச் சொத்து. மகன் இருந்த இடத்தில் அவர் மின்சாரத்தை வைத்தார்.

கோலின் படங்கள் எப்படி வேறுபடுகின்றன?

எமில் கோல் மந்திரவாதி இல்லை, பத்திரிகைக் கேலிச்சித்திரக்காரர். ஐம்பது வயதில் சினிமாவுக்கு வந்து, 1908இல் ‘ஃபான்டாஸ்மகோரி’ என்ற கோட்டோவிய அசைபடத்தை எடுத்தவர். அவருக்கு எண்ணம் என்றால் ஓயாமல் உருமாறும் கோடு.

‘மாயக் கண்ணாடி’யில் கூடத்தில் இருப்பவர்கள் ஒவ்வொருவராக ஒரு மூக்குக் கண்ணாடியைப் போட்டுப் பார்க்கிறார்கள். யார் போட்டாலும் அவர் மனதில் குடியிருக்கும் ஆசை அசையும் படமாக ஓடுகிறது. ‘மூளை பழுதுபார்ப்பவர்’ படத்தில் புத்தி பிசகிய கணவரை மனைவி மருத்துவரிடம் கூட்டிவருகிறார். மருத்துவர் ஒரு கருவியால் தலைக்குள் பார்க்கிறார், மண்டையில் துளை போடுகிறார், உள்ளேயிருந்து புழுவைப் போன்ற ஒன்றை இழுக்கிறார். அப்புறம் படம் கோட்டோவியத்துக்குள் போய்விடுகிறது. ஓர் உருவம் இன்னொன்றாகிறது, அது வேறொன்றாகிறது.

மெலியஸுக்கு மனதில் இருப்பது ஒரே முகம், அதைக் கண்டுபிடித்துவிட்டால் போதும். கோலுக்கு மனம் எந்த இடத்திலும் நிற்பதில்லை. இருவரில் கோல்தான் உண்மைக்கு அருகில் இருந்தார் என்று நான் நினைக்கிறேன். நம் தலைக்குள் ஐந்து நிமிடம் நடப்பதை யாராவது படமெடுத்தால் அது கோலின் படம் போலத்தான் இருக்கும்.

இருவருமே கடைசிக் காலத்தில் வறுமையில் வாடினார்கள். 1938 ஜனவரியில் ஒரு நாள் இடைவெளியில் இருவரும் இறந்தார்கள்: 20ஆம் தேதி கோல், 21ஆம் தேதி மெலியஸ்.

இவற்றை அறிபுனைவு என்று சொல்லலாமா? வெறும் மாயவித்தைப் படங்கள்தானே?

சொல்லலாம். எனக்கு இதில் தயக்கமே இல்லை. மாயக்கதையில் ஒரு தேவதை கோலை அசைத்தால் காரியம் முடியும். இந்தப் படங்களில் கம்பி இருக்கிறது, பெட்டி இருக்கிறது, இயக்குகிற ஆள் இருக்கிறார், அன்றைய ஆய்வகச் செய்தி இருக்கிறது. கோலின் கண்ணாடி மட்டும் இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது.

ஏன் எல்லாமே நகைச்சுவையாக இருக்கின்றன?

கண்காட்சியிலும் இசை அரங்கிலும் ஓடிய படங்கள் அவை. சிரிப்பு வேண்டும், சீக்கிரம் வேண்டும். ஆனால் யார் சிரிப்புக்கு ஆளாகிறார் என்பதைக் கவனியுங்கள். எந்திரம் யாரைப் படிக்கிறதோ அவர்தான் ஒவ்வொரு முறையும் அவமானப்படுகிறார். எந்திரத்தை வைத்திருப்பவருக்கு எதுவும் ஆவதில்லை. ஸ்மித்தின் படத்தில் கதிரைத் திருப்பியவர் அடி வாங்கவில்லை. மெலியஸின் விஞ்ஞானி நாற்காலியில் உட்காருவதே இல்லை. படிப்பவருக்கும் படிக்கப்படுபவருக்கும் நடுவில் உள்ள இந்த ஏற்றத்தாழ்வை அவர்கள் திட்டமிட்டுச் சொன்னார்களோ இல்லையோ, படத்தில் அது அப்பட்டமாகப் பதிவாகியிருக்கிறது. இன்றைக்கு மனத் தரவு யாருக்குச் சொந்தம் என்று சட்ட வல்லுநர்கள் வாதிடும்போது எனக்கு அந்தக் கிழவர்தான் நினைவுக்கு வருகிறார்.

சினிமாவே மனதைப் போன்றது என்று அப்போது யாராவது சொன்னார்களா?

ஹூகோ முன்ஸ்டர்பர்க். ஜெர்மனியில் பிறந்து ஹார்வர்டில் ஆய்வகம் நடத்திய உளவியலாளர். 1916இல் சினிமாவைப் பற்றி ஒரு முழுப் புத்தகம் எழுதினார். க்ளோசப் என்பது மனம் ஒன்றைக் கூர்ந்து கவனிப்பது, பழைய காட்சிக்குத் திரும்புவது நினைவு என்று அதில் விளக்கினார். அதே ஆண்டு டிசம்பரில் இறந்தும் போனார்.

இதே மனிதர் 1907இல் ஐடஹோ மாநிலத்தில் நடந்த பெரிய கொலை வழக்கில், அரசுத் தரப்புச் சாட்சி ஹாரி ஆர்ச்சர்டைச் சொல் தொடர்புச் சோதனையால் ஆராய்ந்தவர். ஒரு சொல்லைச் சொன்னதும் மனதில் தோன்றும் மறுசொல்லைச் சொல்ல எவ்வளவு நேரமாகிறது என்று அளப்பார். தாமதித்தால் எதையோ மறைக்கிறார் என்று பொருள். பத்திரிகைகள் இதைப் பொய் பிடிக்கும் எந்திரம் என்றே கொண்டாடின.

அவருடைய மாணவர் வில்லியம் மார்ஸ்டன் 1915இல் ரத்த அழுத்தத்தை வைத்துப் பொய்யைக் கண்டறியும் முறையைத் தொடங்கினார். 1923இல் வாஷிங்டன் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதைச் சாட்சியமாக ஏற்க மறுத்தது. 1928இல் நியூயார்க்கின் எம்பசி திரையரங்கில் இளம் பெண்களைக் கருவியோடு இணைத்து, காதல் காட்சியைப் பார்க்கும்போது அவர்கள் உடல் எப்படி மாறுகிறது என்று பத்திரிகையாளர்கள் முன்னிலையில் அளந்தார். அறிவியலாக அதற்கு மதிப்பு மிகக் குறைவு. சினிமா சரித்திரத்தில் அதற்கு ஓர் இடம் உண்டு: திரைக்குள் இருந்த எந்திரம் வெளியே வந்து பார்வையாளர் பக்கம் திரும்பிக்கொண்டது. அந்த மார்ஸ்டன்தான் 1941இல் வொண்டர் வுமன் என்ற சித்திரக்கதை நாயகியை உருவாக்கினார். அவள் கயிற்றில் அகப்பட்டவர் உண்மையைத்தான் பேச முடியும்.

1920களின் பெரிய படங்களில் இந்த எந்திரம் ஏன் காணாமல் போயிற்று?

படம் நீண்டது, பாத்திரத்துக்கு ஆழம் வந்தது. மனதுக்குள் போக எந்திரம் தேவைப்படவில்லை. ஜெர்மனியில் 1920இல் வந்த ‘டாக்டர் கலிகாரி’யிலும் 1922இல் வந்த ‘டாக்டர் மபூஸே’யிலும் ஹிப்னாடிசம் அந்த வேலையைச் செய்தது. 1926இல் பாப்ஸ்ட் இயக்கிய ‘ஓர் ஆன்மாவின் ரகசியங்கள்’ மனப்பகுப்பாய்வை வைத்தே எடுக்கப்பட்டது. ஃப்ராய்டின் சீடர்களான கார்ல் ஆபிரகாமும் ஹான்ஸ் சாக்ஸும் அதற்கு ஆலோசனை சொன்னார்கள், மனப்பகுப்பாய்வைத் தொடங்கிய ஃப்ராய்டோ ஒதுங்கிக்கொண்டார். மனப்பகுப்பாய்வைச் சினிமாவால் காட்ட முடியாது என்பது அவர் நம்பிக்கை.

நிகோலா டெஸ்லா எண்ணத்தைப் படமெடுக்கும் கேமரா செய்தாரா?

செய்யவில்லை. 1933இல் அப்படி ஒன்று சாத்தியம் என்று பத்திரிகையாளர்களிடம் சொன்னார். மனதில் ஒரு காட்சியை நினைத்தால் அது விழித்திரையில் எதிரொலிக்கும், அந்தப் பிம்பத்தைக் கருவியால் எடுத்துத் திரையில் காட்டலாம் என்பது அவர் கருத்து. 1893 முதலே இதை எண்ணிவந்ததாகவும் சொன்னார். விழித்திரையில் அப்படிப் பிம்பம் உண்டாவதில்லை. திரையில் வரும் படமே எண்ணம் என்ற நினைப்பு அவரைப் போன்றவரையும் எவ்வளவு ஆழமாகப் பிடித்திருந்தது என்பதைத்தான் இதில் நான் பார்க்கிறேன்.

உண்மையில் மூளையை முதலில் ‘பதிவு செய்தது’ யார்?

ஹான்ஸ் பெர்கர், யேனா நகர மனநல மருத்துவர். இளம் வயதில் படையில் இருந்தபோது குதிரையிலிருந்து விழுந்து மயிரிழையில் உயிர் தப்பினார். அதே நாளில், தொலைவில் இருந்த அவர் சகோதரிக்கு, பெர்கருக்கு ஏதோ ஆபத்து என்று மனதில் பட்டிருக்கிறது. அவள் வற்புறுத்தி அப்பா தந்தி அடித்தார். அந்தத் தந்தி பெர்கரின் வாழ்க்கையையே திருப்பிவிட்டது. எண்ணம் எப்படிப் பயணிக்கிறது என்று தேடி மருத்துவத்துக்கு வந்தார்.

1924இல் முதன்முதலாக மனித மூளையின் மின் அலையைப் பதிவு செய்தார். வெளியிட்டது 1929இல்தான். அலையைப் பதித்தது புகைப்படத் தாளில். வினாடிக்குப் பத்து முறை ஏறி இறங்கும் ஒரு கோடு, அவ்வளவுதான். அதில் முகமும் இல்லை, கனவும் இல்லை. மௌனப் படங்கள் ஓய்ந்து பேசும் படங்கள் எங்கும் பரவிய அதே ஆண்டுகளில் அந்தக் கோடு உலகத்துக்கு வந்தது. டெலிபதியை அதில் தேடியவருக்கு அது கிடைக்கவில்லை, நரம்பியலுக்கு ஈ.ஈ.ஜி. என்ற மூளை மின் அலைப் பதிவு கிடைத்தது.

இன்றைய ஆய்வகங்கள் மெலியஸின் எந்திரத்தைச் செய்துவிட்டனவா?

ஓரளவுக்கு, மிகக் கடுமையான நிபந்தனைகளோடு.

2011இல் கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் ஜாக் கேலன்ட் குழு, எம்.ஆர்.ஐ. கருவிக்குள் படுத்தவர்களுக்குத் திரைப்பட முன்னோட்டங்களைக் காட்டியது. காட்சிக்கும் மூளையின் ரத்த ஓட்டத்துக்கும் உள்ள தொடர்பைக் கணினி கற்றுக்கொண்டது. பிறகு புதிய காட்சியை அவர்கள் பார்க்கும்போது, 1.8 கோடி வினாடி யூடியூப் காணொளிகளில் எது அந்த மூளை அசைவுக்கு மிக ஒத்துவருகிறது என்று தேடி, பொருந்தியவற்றைக் கலந்து ஒரு மங்கலான படத்தைக் காட்டியது. மனித முகம் இருந்த இடத்தில் மனித முகம் போன்ற ஒரு திட்டு தெரிந்தது.

2023இல் டெக்சஸ் பல்கலைக்கழகத்தின் ஆஸ்டின் வளாகத்தில் இன்னொரு குழு சொற்களை நோக்கிப் போனது. ஒவ்வொருவரும் 16 மணி நேரம் கருவிக்குள் படுத்துக் கதை கேட்க, அதை வைத்துக் கணினி பழகியது. பிறகு கேட்ட கதையின் சாரத்தை மூளைப் பதிவிலிருந்து அதனால் ஏறக்குறையச் சொல்ல முடிந்தது. இந்தப் பக்கத்தைப் படிப்பவர்களுக்கு முக்கியமான செய்தி: அதே ஆய்வில் ஒலி இல்லாத குறும்படங்களையும் காட்டினார்கள். படத்தில் நடப்பதைக் கணினி ஓரளவு சொற்களில் விவரித்தது. மௌனப் படத்தைப் பார்க்கும் மனதைப் படிக்கும் எந்திரம்!

ஒருவருக்குப் பழக்கியது இன்னொருவருக்கு வேலை செய்யவில்லை. சம்மதிக்காதவர் மனதுக்குள் வேறு கதை சொல்லிக்கொண்டாலோ எண்களை எண்ணிக்கொண்டாலோ எந்திரம் தடுமாறியது. மெலியஸின் கிழவருக்கு இந்த வசதி இருக்கவில்லை.

இத்தகைய படங்கள் ஏன் இவ்வளவு குறைவாகக் கிடைக்கின்றன?

அன்றைய படச்சுருளான நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பிடிக்கும், தானாகவே சிதைந்தும் போகும். ஓடி முடிந்த படத்தைப் பாதுகாக்க வேண்டும் என்ற எண்ணமும் அன்று இல்லை. மெலியஸ் 500க்கும் மேற்பட்ட படங்களை எடுத்தார். முதல் உலகப் போர்க் காலத்தில் அவருடைய ஃபிலிம் பிரதிகள் பல உருக்கப்பட்டு ராணுவக் காலணிகளுக்கு மூலப்பொருளாயின. மீதமிருந்த மூலப்பிரதிகளை 1923இல் அவரே மனமுடைந்து எரித்தார். வெளியே விற்ற பிரதிகள் உலகெங்கும் சிதறிக் கிடந்ததால்தான் 200 சொச்சம் படங்கள் தப்பின. கோலின் படங்களிலும் பெரும்பாலானவை போய்விட்டன. அமெரிக்க காங்கிரஸ் நூலகம் 2013இல் வெளியிட்ட ஆய்வின்படி, அந்நாட்டின் மௌன முழுநீளப் படங்கள் ஏறக்குறைய 11,000இல் 14 சதவீதம் மட்டுமே வெளியான வடிவத்தில் முழுமையாக எஞ்சியிருக்கின்றன.

முதன்முதலாகப் பார்ப்பவர் எங்கிருந்து தொடங்கலாம்?

ஸ்மித்தின் ‘எக்ஸ் கதிர்கள்’, ‘மறுபடி கனவு காணட்டும்’ இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். இரண்டும் சேர்ந்தே மூன்று நிமிடம் ஆகாது. பிறகு மெலியஸ், கடைசியில் கோல். இணையத்தில் உள்ள பல பிரதிகள் தவறான வேகத்தில் ஓடுகின்றன. அந்தக் காலத்தில் வினாடிக்கு 16 முதல் 18 சட்டகம் வரை எடுத்ததை 24இல் ஓட்டினால் எல்லோரும் துள்ளித் துள்ளி நடப்பார்கள். பிளேயரில் வேகத்தை முக்கால் பங்காகக் குறைத்துக்கொள்ளுங்கள். பின்னால் சேர்த்த இசை பிடிக்கவில்லையென்றால் ஒலியை நிறுத்திவிடலாம்.

மெலியஸின் படத்தைப் பார்க்கும்போது திரையில் வரும் பெரிய முகங்களை மட்டும் பார்க்காமல் ஓரத்தில் நிற்கும் உதவியாளர்களையும் பாருங்கள். அடுத்தவர் மனம் அம்பலமாகும்போது அவர்கள் என்ன செய்கிறார்கள் என்பதில்தான் அந்தப் படத்தின் கூர்மை இருக்கிறது.